துணைக்குப் போட்ட போன்

மனோகரியின் வீட்டுப் படலையைத் தள்ளிக்கொண்டு வினோஜா உள்ளே போனபோது வெயில் இன்னும் தணியவில்லை. நெடுந்தீவில் அந்த நேரத்தில் வெளியே திரிகிறவை மட்டக்குதிரைகள் மட்டும்தான். புத்தியுள்ள சனம் எல்லாம் வீட்டுக்குள் பாயைப் போட்டுப் படுத்துவிடும். வினோஜாவுக்குப் படுத்தாலும் நித்திரை வராது. எட்டாம் நாள் படையலான எட்டுச் செலவுக்கு முன்னர் செத்தவரின் பொருளை அவருடைய வீட்டில் சேர்த்துவிட வேண்டும் என்று மனதுக்குள் ஓர் அரிப்பு.

கைப்பையில் இருந்தது றொஜனின் பட்டன் போன்.

றொஜன் மனோகரியின் புருசன். போன சனிக்கிழமை குடித்து நிறைவெறியில், தன் வளவுக் கல்வேலியில் சாய்ந்திருந்து அந்தப் போனில் பாம்புக் கேம் விளையாடிக்கொண்டிருந்தபோது வேலி சரிந்து அவன்மேல் விழுந்தது. நெடுந்தீவுக் கல்வேலிகள் சீமெந்தைக் காணாதவை. கடற்பவளம் இறுகிய முருகைக்கற்களை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கிவிட்டால் அதுதான் வேலி. பேரன் காலத்திலும் அப்படியே நிற்கும், நாளைக்கே சரிந்தும் போகும். கற்களை அள்ளி எடுத்தபோது றொஜனின் முகம் இருந்த இடத்தில் முகம் இல்லை. மிஞ்சிய தோலில் முருகைக்கல்லின் பூப்பூவான அடையாளம் அச்சுக் குத்தியதுபோல் பதிந்திருந்தது. போனில் மட்டும் ஒரு கீறல்கூட இல்லை.

அந்தப் போன் வினோஜாவிடம் வந்த கதை வேறு. தீவில் போன் திருத்துகிறவள் அவள் ஒருத்திதான். வீட்டு விறாந்தையில் ஒரு மேசை, ஒரு விளக்கு, ஒரு பெட்டி நிறையத் திருகாணி, அவ்வளவுதான் அவளுடைய கடை. கடலுக்குப் போகிறவர்கள் விலை கூடிய போன்களை நம்புவதில்லை. உப்புத்தண்ணீர் பட்டால் போச்சு. எல்லோரும் பட்டன் போனைப் பொலித்தீன் பையில் கட்டி மடியில் செருகியிருப்பார்கள். வலையைப் போட்டுவிட்டுக் காத்திருக்கிற நேரத்துக்குப் பழைய பாம்புக் கேம் வேண்டும் என்று அவளிடம் வந்து தலையைச் சொறிவார்கள். இன்ரநெற்றில் எடுத்துப் போட்டால் ஒன்று திரைக்குள் அடங்காது, இன்னொன்று பாதியில் நின்றுவிடும். றொஜனிடம் இருந்த கேம்தான் எந்தப் போனில் போட்டாலும் ஓடும் என்று ஊரில் கதை. உயிரோடு இருக்கும்வரை அவன் அதை ஒருவருக்கும் கொடுத்ததில்லை. அவன் தாராளமாகக் கொடுத்தது அடி ஒன்றுதான். அதுவும் மனோகரிக்கு மட்டும்.

பாடையில் அவன் கைக்குள் அந்தப் போனை வைத்துத்தான் சுடலைக்குக் கொண்டுபோனார்கள். கொள்ளி வைக்கிற நேரம், பாடை காவிப் போன வினோஜாவின் புருசன் றெக்ஷன் அதை உருவியெடுத்தான். நெருப்பில் பற்றரி வெடித்தால் சுற்றி நிற்கிறவர்களின் கண் போய்விடும் என்றான். போன் திருத்துகிறவளின் புருசன் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று நின்றவர்களும் தலையாட்டினார்கள். பற்றரியை மட்டும் கழற்றி எறிந்துவிட்டு மிச்சத்தை நெருப்பில் போட்டிருக்கலாம். அது ஒருவருக்கும் தோன்றவில்லை. பெண்சாதி நெடுநாளாக அந்தக் கேமுக்கு ஏங்கியதுதான் றெக்ஷனுக்குத் தோன்றியது.

அவள் தன்னிடம் கிடந்த பற்றரி ஒன்றைப் போட்டு, கேமை ஒரு சிப்பில் ஏற்றினாள். ஓடுகிறதா என்று பார்க்க முதலில் கடலுக்குப் போகிற றெக்ஷனின் போனில் போட்டாள். அச்சாவாக ஓடியது. பிறகு தன் பற்றரியைக் கழற்றிப் பத்திரமாக எடுத்து வைத்தாள். போன் செத்தவருடையது, பற்றரி தன்னுடையது, அதை ஏன் சும்மா விடவேண்டும் என்று அவளுக்கு எண்ணம்.

“மனோகரியக்கா!”

குசினிக்குள்ளிருந்து மனோகரி வந்தாள். கண்ணுக்குக் கீழே பழைய அடி மஞ்சளாகப் பழுத்திருந்தது. வீடு முழுக்கச் சாம்பிராணி மணம். அதற்குள்ளே வேறொரு மணமும் இருந்தது. மயிர் கருகினால் வருமே, அந்த நாற்றம். அடுப்பில் ஏதோ தீய்ந்துவிட்டது என்று வினோஜா நினைத்தாள்.

“இரும் வினோஜா. தேத்தண்ணி போடட்டோ?”

“வேண்டாம் அக்கா. இதைத் தந்திட்டுப் போகத்தான் வந்தனான்.”

போனை எடுத்து மேசையில் வைத்தாள். மனோகரி கதிரையைத் தட்டி விழுத்திக்கொண்டு சுவரோடு போய் நின்றாள்.

“உது எரியேல்லையா?”

“இல்லை அக்கா. பற்றரி வெடிக்கும் எண்டு இவர்தான்…”

“எரியேல்லையா வினோஜா?” அவளுடைய குரல் காற்றாகத்தான் வந்தது. “என்ன வேலை செய்தனீங்கள்! சனிக்கிழமைச் சாவு. பாடையிலை கோழிக்குஞ்சு ஒண்டு கட்டி அனுப்ப வேணும். எங்கடை குஞ்சுகளைக் கீரி பிடிச்சிட்டுது. செத்தவீட்டுக்கு எண்டு கேக்க அயலிலை ஒருத்தரும் தரேல்லை. மாமிதான் சொன்னவ, குஞ்சுக்குப் பதிலாப் போனைப் போடுங்கோ, அவனுக்கு அதைவிடத் துணை இல்லை எண்டு. அதையும் எடுத்திட்டீங்களே. துணை இல்லாமல் போன மனிசன் துணை தேடி வராதோ?”

வினோஜாவுக்குச் சிரிப்பு வந்தது. செத்தவீட்டில் சிரிக்கக்கூடாது என்று அடக்கிக்கொண்டாள்.

“பயப்பிடாதேங்கோ அக்கா. இதுக்குள்ளை பற்றரியே இல்லை. பாருங்கோ.”

பின்மூடியைக் கழற்றிக் காட்டினாள். பற்றரி இருக்கவேண்டிய குழி வெறுமையாக இருந்தது.

டிக்.

பட்டனை அமத்துகிற சத்தம்.

திரையில் பச்சை வெளிச்சம் வந்தது.

வினோஜா போனைத் திருப்பிப் பார்த்தாள், மறுபடி குழியைப் பார்த்தாள். அவள் கை வைத்த போன்களுக்குக் கணக்கில்லை. பற்றரி இல்லாமல் எழும்பிய போன் ஒன்றைக்கூடக் கண்டதில்லை.

திரையில் பாம்புக் கேம் ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் அது அவள் சிப்பில் ஏற்றிய கேம் இல்லை. அதில் நாலு பக்கம் சுவர், நடுவில் ஒரு சிலுவைச் சுவர், அவ்வளவுதான். இதில் சுவர்கள் வளைந்தும் பிரிந்தும் ஓடின. பார்க்கப் பார்க்க அவளுக்குத் தெரிந்த இடமாக இருந்தது. இது மாவலித்துறையிலிருந்து வருகிற தெரு. இது கோயில் கிணற்றடி. இது தன் வீட்டு ஒழுங்கை. இது மனோகரியின் வளவு, மூலையில் வேலி விழுந்த இடம் வாய் பிளந்தபடி.

ஊரின் கல்வேலிகள் எல்லாம் அந்தச் சின்னத் திரைக்குள் இருந்தன.

பாம்பு கடற்கரை ஓரத்திலிருந்து புறப்பட்டது. அங்கே இருப்பது சுடலை. அது ஒழுங்கை ஒழுங்கையாகத் திரும்பி வந்தது. இந்த வீட்டு முடக்கில் ஒரு புள்ளி நின்றது. பாம்பு அதைத் தின்றது.

வெளியே குதிரை ஒன்று கத்தியது. குதிரை அப்படிக் கத்தி இருவரும் கேட்டதில்லை. சத்தம் நீண்டு, நடுவில் முறிந்து நின்றது.

வினோஜா போனோடு ஓடிப்போய் வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தாள். மட்டக்குதிரை ஒழுங்கை நடுவில் கிடந்தது. கழுத்து தட்டையாகியிருந்தது. விலா எலும்புகள் தோலைக் கிழித்து வெளியே வந்திருந்தன. இரத்தம் வெள்ளை மணலில் இறங்க இடமில்லாமல் குளமாக நின்றது. பக்கத்தில் ஒரு கல்கூட விழுந்திருக்கவில்லை. ஆனால் குதிரையின் வயிறு முழுக்கப் பூப்பூவாக முருகைக்கல்லின் அடையாளம்.

“வேலி தானா விழேல்லை வினோஜா.”

மனோகரி முற்றத்துக்கு வந்து நின்றாள். பயத்தையெல்லாம் தாண்டிப் போனவளின் முகம் அது.

“நான்தான் தள்ளினனான். காலமை போட்ட அடி காணாதெண்டு, விளையாடி முடிய வந்து மிச்சத்தைத் தாறன் எண்டவர். எனக்கு இனி அடி வாங்க உடம்பிலை இடமில்லை. மற்றப் பக்கத்தாலை போய்த் தள்ளினனான். கல்லு விழேக்கையும் அந்த மனிசன் பட்டனிலையிருந்து விரலை எடுக்கேல்லை.”

டிக்.

திரையில் புதிதாக ஒரு புள்ளி தோன்றியது. மனோகரியின் வளவுக்குள்.

பாம்பு ஒழுங்கையால் வந்து, வேலி விழுந்த இடத்தால் உள்ளே நுழைந்தது. வினோஜா பட்டன்களில் பாய்ந்தாள். இரண்டு மேலே, எட்டு கீழே, ஆறு வலது, நாலு இடது. ஊரில் பாம்பு விளையாடுகிற எல்லோருக்கும் தெரிந்ததுதான். மேலே திருப்பினாள், திரும்பியது. உடனே யாரோ எதிர்ப்பக்கம் இழுத்ததுபோல் வளைந்து திரும்பவும் வந்தது. வலது பக்கம் திருப்பினாள், அதற்கும் அப்படித்தான். இடது பக்கம் திருப்பினால் வளவைவிட்டு வெளியே கொண்டுபோய்விடலாம். நாலை அமத்தினாள். அமத்தினாள். நகம் பிய்ந்துபோக அமத்தினாள்.

நாலாம் பட்டன் செத்திருந்தது. றொஜன் குத்திக் குத்தி அதைத் தேய்த்துவிட்டிருந்தான்.

“அக்கா, ஓடுங்கோ! வெளியாலை ஓடுங்கோ!”

மனோகரி ஓட ஒரு கால் எடுத்து வைத்தாள். அந்தக் கால் முழங்காலுக்குக் கீழே மடிந்தது. எலும்பு முறிகிற சத்தம் வினோஜாவுக்குக் கேட்டது. மனோகரி மல்லாக்க விழுந்தாள். அவளுக்கு மேலே ஒன்றுமே இல்லை, வெறும் வெயில்தான். ஆனாலும் நெஞ்சு உள்ளே போனது. யாரோ மேலே ஏறி நின்று, பாரத்தைப் பாரத்தின்மேல் அடுக்குவதுபோல் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே போனது. வாயால் இரத்தம் பொங்கியது. கையிலும் கழுத்திலும் கன்னத்திலும் வெள்ளையாகப் பூக்கள் பதிந்தன, பிறகு அவை சிவந்தன.

கல்லோடு கல் உரசுகிற சத்தம். கறக். கறக்.

கடைசியில் முகம் போனது.

வினோஜா கத்தினாளா இல்லையா என்று அவளுக்கே தெரியாது. போனை எறிந்தாள். அது மணலில் விழுந்தும் பச்சையாக எரிந்தது. அதில் புள்ளி இன்னொரு இடத்தில் நின்றது.

மாவலித்துறையில்.

அந்தப் புள்ளி நிற்கவில்லை, நடந்தது. துறையைவிட்டு வெளியே வந்து, தெருவில் ஏறி, அவளுடைய வீட்டுப் பக்கம் திரும்பியது. வள்ளங்கள் கரைக்கு வருகிற நேரம் அது. அந்த வழியால் அந்த நேரத்தில் தனியாக நடந்து வருகிற ஆள் யார் என்று அவளுக்கு யாரும் சொல்லத் தேவையில்லை.

றெக்ஷன்.

அவள் றொஜனின் போனைப் பொறுக்கிக்கொண்டு ஓடினாள். செருப்பு எங்கே கழன்றதோ தெரியாது. ஓடிக்கொண்டே தன் போனில் புருசனை அழைத்தாள். மணி போனது. போய்க்கொண்டிருக்கும்போதே யாரோ வெட்டிவிட்டார்கள். திரும்ப அழைத்தாள். அதையும் வெட்டிவிட்டார்கள்.

பாம்பு மனோகரியின் வளவைவிட்டு வெளியே வந்துவிட்டது. இப்போது அது நீளமாக இருந்தது.

வீட்டு விறாந்தைக்கு வந்து மேசையில் போனைப் போட்டாள். அது பட்டுத் திருகாணிகள் பெட்டியோடு கொட்டுண்டு ஓடின. விளையாட்டு அவளுக்குத் தெரியும். பாம்பைக் கொல்ல நிச்சயமான வழி, அதன் உடம்பை அதுவே கடிப்பதுதான். அதற்கு ஒரு முழு வட்டம் சுற்றவேண்டும். மேலே, வலது, கீழே, இடது. நாலாம் பட்டன் இல்லாமல் வட்டம் இல்லை.

பட்டன் தகட்டை நகத்தால் கிளப்பி எடுத்தாள். கீழே வட்ட வட்டமாகச் செம்புத் தடங்கள். நாலுக்குரிய தடம் கருகிப்போயிருந்தது. சட்டையில் குத்தியிருந்த ஊசியைக் கழற்றி அதன் நுனியைத் தடத்தின் இரண்டு பக்கத்துக்கும் குறுக்கே வைத்துப் பார்த்தாள். பாம்பின் தலை மின்னலாக இடது பக்கம் திரும்பியது.

“அம்மாளாச்சி, இவரைத் தந்திடு,” என்றாள் வாய்விட்டு.

புள்ளி கோயில் கிணற்றடிக்கு வந்திருந்தது. பாம்பு அதற்குப் பின்னால். றெக்ஷன் எப்போதும் போல ஆடி அசைந்து நடந்து வருவான், பின்னாலே என்ன வருகிறதென்று திரும்பியும் பார்க்கமாட்டான். அவன் எதற்கும் அவசரப்படுகிற ஆள் இல்லை. கலியாணத்துக்கே பிந்தி வந்தவன். அதை நினைத்ததும் அவளுக்குக் கண் நிறைந்து திரை மங்கியது. புறங்கையால் துடைத்தாள்.

மேலே. பாம்பு இழுத்துப் பிடித்தது. விரல் வலிக்க அமத்தினாள், திரும்பியது.

வலது.

கீழே. எதிர்ப்பக்கம் ஓர் இழுப்பு. விடவில்லை.

ஊசியைத் தடத்தில் குத்தினாள். அது அவளுடைய விரலையும் துளைத்துக்கொண்டு போனது. இரத்தம் செம்பில் பரவியது. பாம்பு இடது பக்கம் வளைந்து, தன் நடுவுடம்பில் தானே வாயை வைத்தது.

திரை அணைந்தது.

கிணற்றடிப் பக்கம் ஒரு கல்வேலி முழுதாகச் சரிகிற சத்தம் கேட்டது. நாய்கள் எல்லாம் ஒரே நேரத்தில் குரைத்தன, பிறகு ஒரே நேரத்தில் நிறுத்தின. வினோஜா மேசையில் தலையை வைத்துக்கொண்டு கிடந்தாள். மூச்சு வாங்கியது. ஒழுங்கையில் காலடிச் சத்தம் வந்தது. எழும்பிப் பார்க்க அவளுக்குத் தைரியம் வரவில்லை.

படலை திறந்தது.

“இஞ்சாரும், என்ன, வீட்டிலை ஒருத்தரும் இல்லையோ? ஒரு சத்தத்தையும் காணேல்லை.”

றெக்ஷன் முழுசாக நின்றான். ஒரு கையில் மீன் கோர்வை, மற்றக் கையில் போன். அவள் ஓடிப்போய் அவனைக் கட்டிப்பிடித்தாள். அவன்மேல் மீனும் எண்ணெயும் உப்பும் மணத்தன. உலகத்தில் அதைவிட நல்ல மணம் இல்லை என்று அவளுக்கு இருந்தது. முதுகு, தோள், கழுத்து எல்லாம் தடவிப் பார்த்தாள். ஒரு பூவும் இல்லை.

“என்ன இது, ஊர் பாக்கப்போகுது,” என்று அவன் கூச்சத்தோடு சிரித்தான். “கையிலை என்ன இரத்தம்?”

“நான் எடுக்க ஏன் போனை வெட்டினனீங்கள்?” அவள் விம்மினாள். “இரண்டு தரம் எடுத்தனான்.”

“அதோ? கோல் வந்தால் கேம் நிண்டுபோகுமெல்லே. நீர் போட்டுத் தந்த பாம்புக் கேம், இஞ்சாரும், சொல்லி வேலையில்லை. கடலிலை முழுக்கக் கேம் அசையேல்லை. வள்ளம் கரைக்குக் கிட்ட வரத்தான் ஓடத் தொடங்கினது. வந்து சேர முன்னம் இரண்டு திண்டிட்டன்.”

வினோஜாவின் கைகள் அவன் தோளிலிருந்து நழுவின.

“என்னத்தைத் திண்டனீங்கள்?”

“புள்ளியைத்தான். முதலாவது லேசு. இரண்டாவதுக்குத்தான் பாடுபட்டனான். நான் ஒரு பக்கம் திருப்ப அது மற்றப் பக்கம் இழுக்குது. விட்டனானோ? கடைசியிலை வேலி உடைஞ்ச ஒரு வளவுக்குள்ளை வைச்சு அமத்திப்போட்டன்.” அவன் மீனைத் தூணில் கொழுவினான். “மூண்டாவது பொல்லாதது. நான் நடக்க நடக்க அதுவும் நடக்குது. பிடிக்கிற நேரம் பாத்துப் பாம்பு தன்னைத்தானே கடிச்சுச் செத்துப்போச்சு.”

முற்றத்தில் மல்லாக்கக் கிடந்த மனோகரியின் முகம் இல்லாத முகம் கண்ணுக்குள் வந்தது. கட்டிய புருசனின் விரல்கள். இந்த விரல்கள்.

“அதுக்கென்ன, திரும்பத் தொடங்கியிட்டன்,” என்றான் றெக்ஷன். “இந்தமுறை லேசாத்தான் தந்திருக்கு. புள்ளி அசையாமல் நிக்குது. பாரும்.”

போனை அவள் பக்கம் நீட்டினான். பச்சைத் திரையில் கல்வேலிகள். ஒழுங்கையில் பாம்பு. ஒழுங்கை முடிகிற இடத்தில் ஒரு வீடு, அந்த வீட்டு விறாந்தையில் ஒரு புள்ளி.

“இடது பக்கம் ஒருக்கால் திருப்பினால் சரி. படலைக்குள்ளை வந்திடும்.”

“அமத்தாதேங்கோ!”

அவள் கத்திய கத்தலில் அவன் திடுக்கிட்டுப் போனைக் கை நழுவவிட்டான். அது மேசையில் விழுந்து, றொஜனின் போனுக்குப் பக்கத்தில் நின்றது. அவன் இரண்டு கைகளையும் மேலே தூக்கினான்.

“சரி, சரி. நான் ஒண்டையும் தொடேல்லை. என்ன நடந்தது, சொல்லும்.”

மயிர் கருகும் நாற்றம் விறாந்தைக்கு வந்துவிட்டது. றெக்ஷனும் மூக்கைச் சுளித்தான். அவன் பார்வை மேசைக்குப் போய் அங்கேயே நின்றது. முகத்திலிருந்த சிரிப்பு வடிந்தது.

தகடு கழன்று, பற்றரி இல்லாமல், வினோஜாவின் இரத்தம் காய்ந்தபடி கிடந்த றொஜனின் போனில், நாலாம் தடத்தில் அவளுடைய ஊசி குத்திட்டு நின்றது. ஒருவரும் தொடாமலே அது மெல்ல மெல்லச் செம்பின்மேல் சாய்ந்தது.

டிக்.

வெளியே, படலையடியில், கல்லோடு கல் உரசியது.